சோற்றைக் கொஞ்சம் நகர்த்துங்கள்! காலிபிளவர் மசியலுக்கு இடம் கொடுங்கள்!

வீட்டில் ஒருவருக்குச் சர்க்கரை வியாதி என்று டாக்டர் சொல்லிவிட்டார்.

அன்று முதல் அந்த வீட்டில் என்ன நடக்கிறது?

காப்பியில் சர்க்கரை நிற்கிறது. பண்டிகைக்குச் செய்யும் பலகாரத்தை அவர் கண்ணில் காட்டாமல் ஒளித்து வைக்கிறார்கள். இரவில் அவருக்கு மட்டும் தனியாக இரண்டு சப்பாத்தி.

ஆனால், மத்தியானச் சோறு மட்டும் பழைய அளவிலேயே இலையில் விழுகிறது!

"சோறு இனிக்கவில்லையே, அது எப்படிச் சர்க்கரை ஆகும்?" என்று கேட்பவர்கள் இன்றும் இருக்கிறார்கள்.

சோறு வயிற்றுக்குள் போனதும் சர்க்கரையாகத்தான் மாறுகிறது. சப்பாத்தியும் அப்படியே. இட்லி, தோசை, உருளைக்கிழங்கு எல்லாம் அப்படியே. இவற்றில் இருக்கும் மாவுச்சத்து குடலில் செரித்து, சர்க்கரையாகி, ரத்தத்தில் கலக்கிறது.

ஆகவே, சர்க்கரை டப்பாவை மூடி வைத்தால் மட்டும் போதாது. சோற்றின் அளவும் குறைய வேண்டும்.

சொல்வது சுலபம். செய்வது கஷ்டம். இலை வெறிச்சென்று கிடந்தால் மனம் கேட்பதில்லை. வயிறும் கேட்பதில்லை. நாலு நாள் குறைத்துச் சாப்பிடுகிறார்கள். ஐந்தாம் நாள் பழைய அளவுக்கே திரும்பிவிடுகிறார்கள்.

சோற்றை எடுத்த இடத்தில் வைக்க வேறு ஒரு பண்டம் வேண்டும். அது வயிற்றை நிரப்ப வேண்டும். நாக்குக்கும் பிடிக்க வேண்டும். மாவுச்சத்து அதில் குறைவாக இருக்க வேண்டும்.

காலிபிளவர் மசியல் அப்படிப்பட்ட ஒரு பண்டம். அதற்கு நம் இலையில் இடம் கொடுக்க வேண்டும் என்பது என் கருத்து. எந்த இடம் என்பதுதான் முக்கியம். அதைத்தான் இங்கே சொல்லப் போகிறேன்.

மேல்நாட்டு யோசனை

நமக்குச் சோறு எப்படியோ, அப்படித்தான் மேல்நாட்டாருக்கு ரொட்டியும் உருளைக்கிழங்கும். உருளைக்கிழங்கை வேகவைத்து, வெண்ணெயும் பாலும் விட்டு, குழையக் குழைய மசிப்பார்கள். அதை இறைச்சிக்குப் பக்கத்தில் வைத்துச் சாப்பிடுவார்கள்.

மாவுச்சத்தைக் குறைத்து உடம்பை இளைக்கச் செய்யும் யோசனையும் அங்கே பழையதுதான். 1863-ல் லண்டனில் வில்லியம் பான்டிங் என்பவர் ஒரு சிறு புத்தகம் வெளியிட்டார். அவர் டாக்டர் அல்ல. சவ அடக்கத்துக்கு ஏற்பாடு செய்து கொடுக்கும் தொழில் நடத்தியவர். மிகவும் பருத்த உடம்பு. ரொட்டி, சர்க்கரை, பீர், உருளைக்கிழங்கு முதலியவற்றை விட்ட பிறகு தம் உடம்பு இளைத்தது என்று அவர் எழுதினார். புத்தகம் பரபரப்பாக விற்றது.

1972-ல் ராபர்ட் அட்கின்ஸ் என்ற அமெரிக்க டாக்டர் இதே யோசனையை மீண்டும் கிளப்பினார். 2003-ல் மயாமி நகரத்து இருதய டாக்டர் ஆர்தர் அகட்ஸ்டன் ஒரு புத்தகம் எழுதினார். உருளைக்கிழங்குக்குப் பதிலாகக் காலிபிளவரை மசித்துச் சாப்பிடும் முறை அதில் இருக்கிறது.

எத்தனையோ காய்கள் இருக்க, ஏன் காலிபிளவர்?

வெந்தால் வெண்ணெய் போல மசிகிறது. வெள்ளையாக இருக்கிறது. தட்டில் வைத்தால் உருளைக்கிழங்கு மசியலா, காலிபிளவர் மசியலா என்று பார்த்தவுடன் சொல்ல முடியாது. எந்த ருசியைச் சேர்த்தாலும் ஏற்றுக்கொள்கிறது.

பூக்கோசு என்று சிலர் சொல்லும் இந்தக் காய், நம் நாட்டுக்கு 1822-ல் இங்கிலாந்திலிருந்து வந்தது. வடக்கே சகரன்பூர்த் தோட்டத்தில் முதலில் பயிர் செய்தார்கள். இன்று நீலகிரியிலும், ஓசூர்ப் பக்கத்திலும் விளைகிறது. எந்த ஊர்ச் சந்தையிலும் கிடைக்கிறது.

கணக்கைப் பாருங்கள்

100 கிராம் எடைக்கு மாவுச்சத்து எவ்வளவு?

வெந்த சோற்றில் சுமார் 28 கிராம்.

உருளைக்கிழங்கில் சுமார் 17 கிராம்.

காலிபிளவரில் சுமார் 5 கிராம். அதிலும் 2 கிராம் நார்ச்சத்து. நார்ச்சத்து சர்க்கரையாக மாறுவதில்லை.

100 கிராம் சோற்றில் 130 கலோரி. 100 கிராம் காலிபிளவரில் 25 கலோரிதான். அதில் முக்கால் பங்குக்கும் மேலே தண்ணீர்.

இப்போது ஒருவர் மத்தியானம் 300 கிராம் சோறு சாப்பிடுகிறார் என்று வைத்துக்கொள்வோம். அதில் 84 கிராம் மாவுச்சத்து உள்ளே போகிறது.

"காலிபிளவர் நல்லது" என்று யாரோ சொல்லிவிட்டார்கள். 150 கிராம் காலிபிளவரை மசித்து, அதே 300 கிராம் சோற்றுக்குத் தொட்டுக்கொள்கிறார். இப்போது மொத்தம் 91 கிராமுக்கு மேல் ஆகிறது. குறையவில்லை. கூடியிருக்கிறது!

இன்னொருவர் சோற்றில் பாதியை எடுத்துவிடுகிறார். அந்த இடத்தில் மசியலை வைக்கிறார். சோற்றில் 42 கிராம். மசியலில் 7½ கிராம். மொத்தம் சுமார் 50 கிராம்தான்!

பழைய 84 கிராமுக்கும் இதற்கும் வித்தியாசம் சுமார் 35 கிராம். ஏழெட்டு டீஸ்பூன் சர்க்கரைக்குச் சமம்!

காய் ஒன்றே. மசியல் ஒன்றே. ஒருவருக்குப் பலன் கிடைத்தது, இன்னொருவருக்குக் கிடைக்கவில்லை. காரணம், மசியல் வைத்த இடம்.

சேர்த்தால் கூடும். மாற்றினால்தான் குறையும். இதை மட்டும் நினைவில் வைத்துக்கொண்டால் போதும்.

சப்பாத்தி காப்பாற்றுமா?

"எங்கள் வீட்டில் இரவில் சோறே கிடையாது. சப்பாத்திதான்" என்று பெருமையாகச் சொல்பவர்கள் உண்டு.

இந்திய மருத்துவ ஆராய்ச்சிக் கவுன்சில் ஆதரவில், சென்னையிலுள்ள சர்க்கரை நோய் ஆராய்ச்சி நிறுவனம் நாடு முழுவதும் ஒரு பெரிய கணக்கெடுப்பு நடத்தியது. நம் நாட்டில் சுமார் 10 கோடியே 10 லட்சம் பேருக்குச் சர்க்கரை வியாதி இருப்பதாக 2023-ல் வெளியான அதன் அறிக்கை கூறிற்று.

2025-ல் இன்னொரு அறிக்கை வெளிவந்தது. நாம் ஒரு நாளில் சாப்பிடும் மொத்தக் கலோரியில் 62 சதவீதம் மாவுச்சத்திலிருந்து வருகிறது என்று அதில் கண்டிருக்கிறது.

வெள்ளை அரிசியை விட்டுக் கோதுமைக்கோ சிறுதானியத்துக்கோ மாறினால் மட்டும் ஆபத்து குறைவதாகத் தெரியவில்லை. மாவுச்சத்தின் மொத்த அளவு குறைய வேண்டும். அதற்குப் பதிலாகப் பருப்பு, பால் போன்றவற்றின் புரதச்சத்து கொஞ்சம் கூட வேண்டும். அப்போதுதான் பலன் என்று அந்த அறிக்கை சொல்கிறது.

அரிசி வீட்டிலிருந்து கோதுமை வீட்டுக்குக் குடிபோனால் போதாது. இரண்டும் ஒரே தெருதான்!

எப்படிச் செய்வது?

மேல்நாட்டார் செய்வது போலவும் செய்யலாம். நம் வழக்கப்படியும் செய்யலாம். நாலு பேருக்கு அளவு சொல்கிறேன்.

நடுத்தரமான காலிபிளவர் ஒன்று வாங்குங்கள். இலையை நீக்கினால் பூவும் தண்டுமாக 600 கிராம் இருக்கட்டும். பூண்டு 6 பல். சின்ன வெங்காயம் 10. பச்சை மிளகாய் 2. இஞ்சி ஒரு சிறு துண்டு. தாளிக்கக் கடுகு, உளுத்தம்பருப்பு, கறிவேப்பிலை. மிளகுத்தூள் அரை டீஸ்பூன். நல்லெண்ணெய் 2 டீஸ்பூன். அரை மூடி எலுமிச்சம்பழம். உப்பு, மஞ்சள்தூள்.

பூவைச் சிறு கொத்துகளாகப் பிரியுங்கள். இடுக்குகளில் புழு இருக்கும். வெதுவெதுப்பான தண்ணீரில் உப்பும் மஞ்சளும் போட்டு, பத்து நிமிஷம் ஊற வையுங்கள். பிறகு நல்ல தண்ணீரில் இரண்டு முறை அலசுங்கள்.

தண்டை எறிந்துவிடாதீர்கள். மேல்தோலைச் சீவிவிட்டு, சன்னமாக நறுக்கிச் சேர்த்துக்கொள்ளுங்கள். அதுவும் நன்றாக வேகும்.

இனிதான் முக்கியமான கட்டம். காலிபிளவரைத் தண்ணீரில் போட்டு வேகவைக்காதீர்கள். பிரஷர் குக்கரிலும் வைக்காதீர்கள். தண்ணீரைக் குடித்துச் சொதசொதவென்று ஆகிவிடும். இட்லிப் பானையில் வைத்து ஆவியில் வேகவையுங்கள். பூண்டையும் அதோடு சேர்த்து வைத்துவிடுங்கள். 12 முதல் 15 நிமிஷம் போதும். கத்தி முனையால் தண்டைக் குத்திப் பாருங்கள். தடையில்லாமல் இறங்கினால் வெந்துவிட்டது.

வெந்ததைச் சுத்தமான துணியில் பரப்பி, ஐந்து நிமிஷம் ஆவி போக விடுங்கள். பிறகு வெறும் வாணலியில் போட்டு, சிறு தீயில் மூன்று நிமிஷம் பிரட்டுங்கள். மிச்சம் இருக்கும் ஈரமும் போய்விடும். இதைச் செய்யாமல் விடுபவர்கள்தான், "மசியல் கஞ்சி மாதிரி ஆகிவிட்டது" என்று குறைப்படுகிறார்கள்.

பருப்பு மத்தால் நன்றாக மசியுங்கள். மிக்சியில் அரைத்தால் இன்னும் வழவழப்பாக இருக்கும். தண்ணீர் மட்டும் விடக் கூடாது.

வாணலியில் எண்ணெய் காய்ந்ததும் கடுகு, உளுத்தம்பருப்பு தாளியுங்கள். கறிவேப்பிலை, நறுக்கிய வெங்காயம், மிளகாய், இஞ்சி போட்டு வதக்குங்கள். ஒரு சிட்டிகை மஞ்சள்தூள் சேருங்கள். மசித்ததைப் போட்டு, உப்பும் மிளகுத்தூளும் தூவி, இரண்டு நிமிஷம் கிளறி இறக்குங்கள். இறக்கிய பிறகு எலுமிச்சம்பழம் பிழியுங்கள். அடுப்பில் இருக்கும்போது பிழிந்தால் கசக்கும்.

மேல்நாட்டு முறை இன்னும் சுலபம். மசித்த காலிபிளவரிலும் பூண்டிலும் உப்பு, மிளகுத்தூள், ஒரு ஸ்பூன் வெண்ணெய் சேர்த்துக் குழைத்தால் முடிந்தது. பிள்ளைகளுக்கு இது பிடிக்கும். ஆனால், அங்கே சிலர் செய்வது போல வெண்ணெயையும் பாலேட்டையும் அள்ளிக் கொட்டாதீர்கள். சோற்றில் மிச்சம் பிடித்த கலோரி வெண்ணெய் வழியாகத் திரும்பி வந்துவிடும்!

இன்னொரு எச்சரிக்கை. மசியல் கெட்டியாகவில்லை என்று உருளைக்கிழங்கையோ, சோள மாவையோ, அரிசி மாவையோ சேர்க்காதீர்கள். எதைக் குறைக்கப் புறப்பட்டோமோ, அதையே சேர்த்தது போல ஆகும். வேண்டுமானால் வெந்த பாசிப்பருப்பு இரண்டு மேஜைக்கரண்டி சேருங்கள். கெட்டியும் ஆகும். கொஞ்சம் புரதமும் கிடைக்கும்.

காலிபிளவர் என்றதும் சிலருக்கு மாலை நேரத்துத் தள்ளுவண்டிதான் நினைவுக்கு வரும். அங்கே விற்பது மைதாவிலும் சோள மாவிலும் புரட்டி, எண்ணெயில் பொரித்தது. அதற்கும் இதற்கும் சம்பந்தம் இல்லை. அந்தப் பண்டத்தில் செயற்கைச் சாயம் சேர்ப்பதைக் கர்நாடக அரசு 2024-ல் தடை செய்தது நினைவிருக்கலாம்.

ஒரு வீட்டுக்கு ஒரு பானை

மசியல் செய்தாகிவிட்டது. யார் சாப்பிடுவது?

"சர்க்கரைக்காரர் மட்டும் சாப்பிடட்டும்" என்றால், அந்த மசியல் ஒரு வாரம்கூட நீடிக்காது.

எல்லோரும் சோற்றில் குழம்பை ஊற்றிப் பிசையும்போது, தமக்கு மட்டும் ஒரு கிண்ணத்தில் வேறு பண்டம் என்றால் யாருக்குத்தான் மனம் வரும்? பத்தியக்காரர் என்று தனியே உட்கார வைத்த மாதிரி இருக்கும்.

வியாதி வந்தது வீட்டுத் தலைவருக்கு என்றால், மனைவி எப்படியாவது தனியாகச் சமைத்துக் கொடுத்துவிடுகிறாள். வியாதி அவளுக்கே வந்தால்?

அவளுக்கு யார் தனியாகச் சமைப்பது?

காலையிலிருந்து அடுப்படியில் நிற்கிறாள். எல்லோருக்கும் பரிமாறிவிட்டுக் கடைசியில் உட்காருகிறாள். பானையில் சோறு மிஞ்சியிருக்கிறது. கூட்டும் பொரியலும் தீர்ந்துவிட்டன. "சோற்றை வீணாக்கலாமா?" என்று மிஞ்சியதை எல்லாம் தன் தட்டில் போட்டு, ரசத்தை ஊற்றிச் சாப்பிடுகிறாள்.

காய் எல்லாம் பிள்ளைகளுக்கும் கணவனுக்கும் போய்விட்டது. மாவுச்சத்து முழுவதும் அவள் தட்டில்!

பிறகு, "மாத்திரை போட்டும் அம்மாவுக்குச் சர்க்கரை இறங்கவில்லையே" என்று வீடே கவலைப்படுகிறது.

இதற்கு ஒரே வழி இருக்கிறது. மசியல் வீட்டுக்கெல்லாம் பொதுப் பண்டமாக வேண்டும். ஒரே பானையில் செய்யுங்கள். எல்லோர் இலையிலும் முதலில் அதை வையுங்கள். அம்மாவின் பங்கை முன்கூட்டியே எடுத்துத் தனியாக மூடி வையுங்கள்.

சோற்றின் அளவு மட்டும் ஆளுக்கு ஆள் மாறட்டும். வளரும் பையன் ஓடி ஆடுகிறான். அவனுக்குச் சோறு வேண்டும். வெயிலில் மண் சுமப்பவருக்கு வேண்டும். நாற்காலியில் உட்கார்ந்தே நாளைக் கழிப்பவருக்கும், சர்க்கரை வியாதி உள்ளவருக்கும் அவ்வளவு வேண்டாம். மசியல் எல்லோருக்கும் பொது. சோறு அவரவர் உழைப்புக்கும் உடம்புக்கும் தக்கபடி.

இலையில் முதலில் மசியலையும் காயையும் சாப்பிடுங்கள். பிறகு சோற்றுக்குப் போங்கள். அப்படிச் செய்தால் ரத்தத்தில் சர்க்கரை ஏறுவது மட்டுப்படும் என்று ஆராய்ச்சிகளில் கண்டிருக்கிறார்கள். வயிறு ஓரளவு நிறைந்துவிட்டால், சோற்றைக் குறைப்பதும் சுலபம்.

நீங்கள் கேட்கக்கூடிய கேள்விகள்

"வெறும் தண்ணீர்க் காய். மூன்று மணிக்கே பசிக்காதா?"

மசியலை மட்டும் சாப்பிட்டால் பசிக்கத்தான் செய்யும். 100 கிராம் காலிபிளவரில் புரதம் சுமார் 2 கிராம்தான். ஆகவே, பருப்பு, முட்டை, மீன், தயிர், சுண்டல் இவற்றில் ஏதாவது ஒன்று கூட இருக்க வேண்டும். அப்போது வயிறு தாங்கும்.

"காலிபிளவர் விலை அதிகமாயிற்றே?"

சில மாதங்களில் அதிகம்தான். கார்த்திகை முதல் மாசி வரை நல்ல பூ நிறைய வரும். அப்போது விலையும் இறங்கும். மற்ற மாதங்களில் கத்தரிக்காயைச் சுட்டு மசியுங்கள். முட்டைக்கோஸ், சுரைக்காய், வெள்ளைப்பூசணி இருக்கின்றன. இவற்றிலும் மாவுச்சத்து குறைவு. காலிபிளவர்தான் வேண்டும் என்று கட்டாயம் இல்லை. சோற்றின் இடத்தில் காய் வர வேண்டும் என்பதே கட்டாயம்.

"இது மேல்நாட்டுப் பழக்கம். நமக்கு எதற்கு?"

மிளகாயும் தக்காளியும் உருளைக்கிழங்கும் அமெரிக்கக் கண்டத்திலிருந்து வந்தவைதான். அவை இல்லாமல் இன்று நம் வீட்டில் சமையல் நடக்கிறதா? மசியல் நமக்குத் தெரியாத பண்டமும் அல்ல. கீரை மசியலும் சேனை மசியலும் பாட்டி காலத்துப் பண்டங்கள். காய்தான் புதிது. கைப்பக்குவம் நம்முடையது.

டாக்டரிடம் சொல்லுங்கள்

காலிபிளவர் மசியல் மருந்து அல்ல. அதைச் சாப்பிடுகிறோம் என்று மாத்திரையை நிறுத்துவது ஆபத்து.

இன்சுலின் ஊசி போடுபவர்களும், சர்க்கரை மாத்திரை சாப்பிடுபவர்களும் ஒன்றைக் கவனிக்க வேண்டும். மருந்தின் அளவு, நீங்கள் வழக்கமாகச் சாப்பிடும் சோற்றை வைத்தே நிர்ணயித்திருக்கும். திடீரென்று சோற்றைப் பாதியாக்கினால், சர்க்கரை அளவுக்கு மீறி இறங்கிவிடலாம். வியர்க்கும். கை நடுங்கும். மயக்கம்கூட வரும். ஆகவே, முதலில் டாக்டரிடம் சொல்லி, அவர் யோசனைப்படி மெல்ல மெல்லக் குறையுங்கள். கர்ப்பிணிகளும், சிறுநீரகக் கோளாறு உள்ளவர்களும் கேட்காமல் எதையும் மாற்ற வேண்டாம்.

சிலருக்குக் காலிபிளவர் வாயுத் தொல்லை தரும். அவர்கள் கொஞ்சமாக ஆரம்பிக்கலாம். பூண்டும் இஞ்சியும் மிளகும் சேர்ப்பது ருசிக்கு நல்லது. 

தாய்மார்களே! வீட்டுப் பெரியவர்களே!

சோறு நமக்கு விரோதி அல்ல. நம்மை வளர்த்தது அதுதான். அதை வீட்டைவிட்டு விரட்ட வேண்டும் என்று யாரும் சொல்லவில்லை. இலை முழுவதையும் அதுவே பிடித்துக்கொள்ள வேண்டாம் என்றுதான் சொல்கிறோம்.

வரும் வாரத்தில் இரண்டு நாள் செய்து பாருங்கள். வழக்கமாகச் சோறு போடும் கரண்டியில் ஒரு கரண்டியைக் குறையுங்கள். அந்த இடத்தில் ஒரு கரண்டி மசியல் வையுங்கள். வீட்டில் எல்லோருக்கும் வையுங்கள். பரிமாறுகிறவருக்கும் மறக்காமல் எடுத்து வையுங்கள்!